கலைவாணரின் 'ஆமா'வும் மதுரத்தின் 'இல்லை'யும்

'சிரிக்க வைத்தார், சிந்திக்கவும் வைத்தார்.' என்.எஸ். கிருஷ்ணனைப் பற்றிப் பேச யார் மேடை ஏறினாலும் இந்த வாக்கியம் வராமல் இறங்குவதில்லை. நவம்பர் 29 பிறந்தநாள், ஆகஸ்ட் 30 நினைவுநாள். வருஷத்துக்கு இரண்டு தடவை நாகர்கோவில் மணிமேடையில் இருக்கிற சிலைக்கு மாலை விழும்போதெல்லாம் இதையும் சேர்த்தே போடுவார்கள்.

எனக்கு இந்த வாக்கியத்தோடு ஒரு சண்டை உண்டு. அதில் ஒரு வரிசை இருக்கு, கவனியுங்கள். முதலில் சிரிப்பு, அப்புறம் சிந்தனை. கஷாயத்துக்கு முன்னால் வாயில் வைக்கிற கருப்பட்டித் துண்டு மாதிரி. என்.எஸ்.கே.யின் சினிமா வாழ்க்கை 1935-லிருந்து 1957 வரை, 22 வருஷம். அதில் கடைசிப் பகுதியில் பல இடங்களில் இந்த வரிசை உண்மைதான். முன்பகுதியில் அப்படிக் கிடையாது. அங்கே சிரிப்பும் யோசனையும் ஒரே மூச்சில் வரும், பிரித்தெடுக்க முடியாது. நாம் பாராட்டுக்குப் பிடித்துக்கொண்டது அவருடைய பலவீனமான பக்கத்தை என்பதுதான் இந்தக் கட்டுரையில் நான் சொல்ல வருவது.

இன்னொரு வகை எழுத்தும் உண்டு. அவர் யார் யாருக்கு எவ்வளவு கொடுத்தார் என்கிற கதைகள். கொடுத்தார், அதில் சந்தேகமில்லை. ஆனால் ஒரு நடிகனை அவன் கொடையை வைத்தே அளந்தால் நடிப்பைப் பார்க்கவேண்டிய வேலை மிச்சமாகிவிடும். அதோடு, எங்கள் பக்கம் 'கொடை' என்றால் முதலில் ஞாபகத்துக்கு வருவது வேறு விஷயம். சுடலைமாடனுக்கும் இசக்கிக்கும் முத்தாரம்மனுக்கும் வருஷா வருஷம் நடக்கிற கொடை. விடிய விடிய வில்லுப்பாட்டு. கலைவாணரைப் புரிந்துகொள்ள அந்தக் கொடையிலிருந்துதான் தொடங்கணும்.

அவர் பிறந்தது 1908-ல், நாகர்கோவிலை ஒட்டிய ஒழுகினசேரியில். சுசீந்திரத்துக்கு வருகிற அதே பழையாறு ஒழுகினசேரியைத் தொட்டுவிட்டுத்தான் வருகிறது. அப்பா பெயர் சுடலைமுத்து, அம்மா பெயர் இசக்கியம்மாள். எந்தச் சாமிகளின் கதையை வில்லில் பாடுகிறார்களோ அந்தச் சாமிகளின் பெயரே வீட்டில் அப்பாவும் அம்மாவுமாக நடமாடியிருக்கு. இதை நான் ஒரு அலங்காரத்துக்காகச் சொல்லவில்லை. அந்தக் காலத்து நாஞ்சில் நாட்டில் ஒரு பையன் காதில் முதலில் விழக்கூடிய கலை எது என்பதற்காகச் சொல்கிறேன்.

வில்லுப்பாட்டு கேட்காதவர்களுக்காக இரண்டு வரி. நடுவில் புலவர். அவர் முன்னால் மணி கட்டின பெரிய வில். குடம், உடுக்கை, ஜால்ரா. பக்கத்தில் துணைக்குப் பாடுகிறவர்கள். புலவர் ஒரு வரி சொன்னால் அவர்கள் 'ஆமா' போடுவார்கள். ஆமா போடுவது லேசான வேலை கிடையாது. எந்த இடத்தில் இழுக்கணும், எந்த இடத்தில் 'அப்படியா?' என்று கேட்டுக் கதையை நிறுத்தணும், எந்த இடத்தில் ஒன்றும் தெரியாத மாதிரி ஒரு குதர்க்கக் கேள்வி போடணும், எல்லாம் அதில் இருக்கு. ராத்திரி இரண்டு மணிக்கு ஜனங்கள் கண் சொருக ஆரம்பிக்கும்போது கதை ஊரை விட்டு ஊர் போகும். சாமி கதையில் திடீரென்று பஞ்சாயத்து ஆபீஸ் வரும், ரேஷன் கடை வரும். வரி போட்டவனுக்கு ஒரு குத்து விழும். பிறகு ஒன்றுமே நடக்காத மாதிரி கதைக்குத் திரும்புவார்கள். கொடைக்குத் தவறாமல் போகிற அண்ணாச்சி ஒருத்தர் என்னிடம் சொன்னார்: "கதை நமக்குத் தெரிஞ்சதுதானடே, வெலகிப் போற எடத்துக்காகத்தான் முழிச்சிருக்கோம்."

விலகிப் போகிற இடம். என்.எஸ்.கே.யின் சினிமா வாழ்க்கையே அந்த இடத்தில்தான் நடந்தது.

நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்ற பையனாக இருந்து டி.கே.எஸ். சகோதரர்களின் பால ஷண்முகானந்த சபாவுக்குள் போனதும், அங்கே கிடைத்த வேஷத்தையெல்லாம் கட்டிப் பழகினதும் பலர் எழுதிவிட்டார்கள். முதலில் நடித்த படம் 'சதி லீலாவதி' (1936), முதலில் வெளியானது 'மேனகா' (1935). எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய 'சதி லீலாவதி'யில்தான் எம்.ஜி.ஆரும் சினிமாவுக்கு வந்தார். இந்த விவரங்களில் எனக்கு அவ்வளவு ஆர்வமில்லை. எனக்கு முக்கியமாகப் படுவது அவர் சினிமாவில் கண்டுபிடித்த வேலைமுறை.

அந்தக் காலத்துப் படங்களில் கதை ஒரு பக்கம் ஓடும், நகைச்சுவை இன்னொரு பக்கம் ஓடும். என்.எஸ்.கே. தன் பகுதியைத் தானே யோசித்து, தன் ஆட்களை வைத்து, தனியாக எடுத்துக் கொடுப்பார். டி.எஸ். துரைராஜ், புளிமூட்டை ராமசாமி, காக்கா ராதாகிருஷ்ணன் என்று ஒரு செட்டு. படம் யாருடையதாக இருந்தாலும் அந்தப் பகுதி அவருடையது. கவுண்டமணி-செந்தில் காலம் வரைக்கும் நீண்ட பழக்கம் இது. சினிமா விமர்சகர்களுக்கு இது பெரிய குறை: கதையோடு ஒட்டாத காமெடி, நறுக்கி எடுத்தாலும் படம் நிற்கும் என்பார்கள். நறுக்கி எடுக்கலாம்தான். வில்லுப்பாட்டில் புலவர் விலகிப்போகிற இடத்தையும் நறுக்கலாம். அப்புறம் கேட்க ஆள் இருக்காது.

'சகுந்தலை' (1940) நல்ல உதாரணம். எம்.எஸ். சுப்புலட்சுமி சகுந்தலை. அரண்மனை, ஆசிரமம், சாபம் என்று படம் உயரத்திலேயே மிதந்துகொண்டிருக்கிறது. அதில் என்.எஸ்.கே.யும் துரைராஜும் மீன்பிடிக்கிறவர்களாக வந்து சண்டை போடுகிறார்கள். காளிதாசனிலேயே மோதிரத்தை மீன் வயிற்றில் கண்டெடுத்த செம்படவன் காவலர்களிடம் மாட்டிக்கொண்டு முழிக்கிற இடம் உண்டு. ஆக, அந்த விலகல் மூலத்திலேயே இருந்த விலகல். அந்தச் சின்ன இடத்தைப் பிடித்து இவர் நம்ம ஊர்ச் சந்தையாக்கிவிடுகிறார். ராஜா மோதிரத்தை மறந்தது ஒரு பெரிய சோகம். மோதிரம் கிடைத்தவனுக்கோ அன்றைக்குப் பிடித்த மீன்தான் பிரச்சினை. இதை யாரும் வசனமாகச் சொல்லவில்லை. இரண்டு காட்சிகளை அடுத்தடுத்துப் பார்க்கிற நமக்கே அது உறைக்கும். பிரசங்கம் இல்லாமல் நடக்கிற விமர்சனம் இதுதான்.

இதைவிட வேடிக்கை 'சந்திரலேகா' (1948). அன்றைக்கு இந்தியாவிலேயே பெரிய செலவில் எடுக்கப்பட்ட படம். கதை முடிவான பிறகு, சிறையிலிருந்து வந்த என்.எஸ்.கே.யையும் மதுரத்தையும் எஸ்.எஸ். வாசன் கொண்டுவந்து, அவர்களுக்காகவே காட்சிகளைச் சேர்க்கிறார். முரசு நடனமும் சர்க்கஸும் யானையும் வைத்திருந்த மனுஷனுக்கு இன்னும் ஏதோ குறைகிற மாதிரி பட்டிருக்கு!

'இந்தியாவின் சாப்ளின்' என்று இவரைச் சொல்வது இன்னொரு தேய்ந்த ரிக்கார்டு. சாப்ளின் தனி ஆள். உலகமே அவனுக்கு எதிரில் நிற்கும், அவன் பேசமாட்டான். என்.எஸ்.கே. ஒருநாளும் தனியாக இல்லை, ஒரு நிமிஷமும் பேசாமல் இல்லை. எதிரில் ஒரு ஆள் இருந்தால்தான் அவருக்கு ஓடும். ஒப்பிட்டே ஆகணும் என்றால் ஜப்பான் பக்கம் போகலாம். அங்கே எனோகென் என்று செல்லமாக அழைக்கப்பட்ட எனொமோட்டோ கெனிச்சி, டோக்கியோவின் அசகுசா மேடைகளில் பாட்டும் கூத்துமாகப் பேர் வாங்கி, 1934-ல் தன் குழுவையும் கூட்டிக்கொண்டு சினிமாவுக்கு வந்தார். என்.எஸ்.கே.க்கு ஒரு வருஷம் முன்னால். குழுவோடு வருவது, பாடுவது, பெரிய வீரகதைகளைக் கீழே நின்று கிண்டல் பண்ணுவது எல்லாம் இரண்டு பேருக்கும் பொது. உறவு தேடினால் இவர்தான் சித்தப்பா மகன், சாப்ளின் தூரத்துச் சொந்தம்.

இப்போது டி.ஏ. மதுரத்துக்கு வரணும். என்.எஸ்.கே. பற்றிய எழுத்துகளில் மதுரம் ஒரு பத்தியில் வந்துவிட்டுப் போவார்: 'வசந்தசேனா' (1936) படப்பிடிப்புக்காகப் பூனா போன இடத்தில் பழக்கம், கல்யாணம், அப்புறம் அவருக்கு ஏற்கனவே ஒரு மனைவி இருந்தது தெரியவந்தது, அவ்வளவுதான். நடிப்பைப் பற்றி ஒரு வரி இருக்காது.

வில்லில் பக்கத்து ஆள் 'ஆமா' போடுவான் என்றேன். மதுரம் செய்ததே வேறு. அவர் 'இல்லை' போட்டார். புருஷன் ஒரு பெரிய திட்டத்தோடு வருவான்; பெண்டாட்டி இடுப்பில் கை வைத்து நின்று ஒரு கேள்வி கேட்பாள்; திட்டம் சரிந்துவிடும். விஞ்ஞானத்தை வளர்க்கப்போவதாக அவர் பாடுகிற புகழ்பெற்ற பாட்டு ஒன்று உண்டு. பட்டனைத் தட்டினால் எல்லாம் நடக்கும் என்று அவர் ஒவ்வொன்றாக அடுக்க, மதுரம் எதிர்க்கேள்வி போட்டுக்கொண்டே வருவார். அந்தப் பாட்டில் பகுத்தறிவு யார் பக்கம் இருக்கு? மேலோட்டமாகப் பார்த்தால் விஞ்ஞானம் பேசுகிற புருஷன் பக்கம். உற்றுக் கேட்டால், 'சரி, அடுப்படியில் நிற்கிற எனக்கு இதனால் என்ன?' என்று கணக்குக் கேட்கிறவள் பக்கம். இரண்டு பேரும் சரி. அதனால்தான் எத்தனை தடவை கேட்டாலும் புளிக்கவில்லை. நிஜ வாழ்க்கையில் ஒரு பொய்யோடு தொடங்கின தாம்பத்தியம், திரையில் 20 வருஷம் பெண்டாட்டி கெட்டிக்காரியாகவும் புருஷன் மாட்டிக்கொள்கிறவனாகவும் ஓடினது. இதை யாராவது விரிவாக எழுதணும்.

1944 டிசம்பரில் லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் எம்.கே. தியாகராஜ பாகவதரோடு இவரும் கைதானார். அடுத்த வருஷம் ஆயுள் தண்டனை. பிரிவி கவுன்சில் வரை போய், 1947 ஏப்ரலில் இரண்டு பேரும் விடுதலை. வழக்கு விவரம் ஊரறிந்தது, விட்டுவிடுகிறேன். விமர்சகன் கேட்கவேண்டிய கேள்வி ஒன்றுதான். இரண்டு பேரும் ஒரே நாளில் வெளியே வந்தும், பாகவதரால் எழுந்திரிக்க முடியவில்லை, இவரால் முடிந்தது. ஏன்? 'ஹரிதாஸ்' (1944) பாகவதரின் உச்சம். அந்த உச்சம் முழுக்க ஒரு மனுஷனின் தொண்டையிலும் முகத்திலும் இருந்தது. என்.எஸ்.கே.யின் சொத்து ஒரு ஆளிடம் இல்லை, குழுவில் இருந்தது. அவர் உள்ளே இருந்த காலத்தில் மதுரமும் எஸ்.வி. சகஸ்ரநாமமும் நாடக சபாவை நடத்தினார்கள், 'பைத்தியக்காரன்' படத்தை எடுத்தார்கள். புலவருக்குத் தொண்டை கட்டினால் பக்கத்து ஆள் கதையை இழுத்துக்கொண்டு போவான் இல்லையா, அப்படி.

அதே 1947-ல் பம்மல் சம்பந்த முதலியார் 'கலைவாணர்' பட்டத்தைக் கொடுத்தார். பொருத்தமான கை. பொய்யே சொல்லாத அரிச்சந்திரனைத் தலைகீழாக்கி, உண்மையே சொல்லாத 'சந்திரஹரி'யை எழுதினவர் அவர். 1941-ல் அது படமானபோது சந்திரஹரி வேஷம் என்.எஸ்.கே.யுடையது. ஆனால் பட்டம் வந்த பிறகு ஒரு மாற்றம் நடக்கிறது. விலகிப் போகிற இடத்தில் இருந்தவர் மெல்ல மெல்லக் கதையின் நடுவுக்கு வருகிறார்.

'நல்லதம்பி' (1949) அவரே கதாநாயகன். எழுத்து அண்ணாதுரை, இயக்கம் கிருஷ்ணன்-பஞ்சு. மதுவிலக்கு, சீர்திருத்தம், ஜமீன் சொத்தை ஊருக்குப் பயன்படுத்துவது. 'மணமகள்' (1951) அவர் இயக்கம், கருணாநிதி வசனம், பத்மினி. 'பணம்' (1952) மறுபடியும் அவர் இயக்கம், கருணாநிதி வசனம். சிவாஜி நடித்தார், விஸ்வநாதன்-ராமமூர்த்தி இரட்டையராக இசையமைத்த முதல் படம் அதுதான். சரித்திரத்தில் மூன்றுக்கும் இடம் உண்டு. உட்கார்ந்து பார்த்தால் மூன்றிலும் ஒரே சிக்கல். நல்லவனும் இவரே, கிண்டல் பண்ணுகிறவனும் இவரே. மேலே நிற்கிற ஒன்றைக் கீழே இருந்து குத்தத்தான் கிண்டல். மேலேயே போய் உட்கார்ந்துவிட்டால் யாரைக் குத்துவது? அப்போது வசனம் நீளுகிறது. எதிரில் இருப்பவர்கள் 'ஆமா' மட்டும் போடுகிறார்கள், 'இல்லை' சொல்ல ஆள் குறைந்துபோகிறது. நான் ஆரம்பத்தில் சொன்ன அந்த வரிசை, முதலில் சிரிப்பு அப்புறம் சிந்தனை, இங்கேதான் பிறக்கிறது.

ஆனால் 'நல்லதம்பி'க்குள்ளேயே ஒரு அதிசயம் இருக்கு. கிந்தனார் காலட்சேபம். எழுத்து உடுமலை நாராயண கவி.

நந்தனார் கதை தமிழனுக்குச் சங்கீதமாகவே தெரியும். கோபாலகிருஷ்ண பாரதியின் மெட்டுகள், 1935-ல் கே.பி. சுந்தராம்பாள், 1942-ல் தண்டபாணி தேசிகர். படம் பார்க்க வந்தவர்கள் காதில் அந்தப் பாட்டுகள் ஏற்கனவே உட்கார்ந்திருந்தன. என்.எஸ்.கே. பாகவதர் கோலத்தில் வந்து நிற்கிறார், அதே பாணியில் வேறு கதை சொல்கிறார். நந்தன் சிதம்பரம் போகத் துடித்தான். கிந்தன் படிக்கத் துடிக்கிறான். நந்தன் ஆண்டையிடம் உத்தரவு கேட்டுக் காத்துக் கிடந்தான். கிந்தன் பள்ளிக்கூடத்தில் அடிபட்டு, ரயிலேறி நகரத்துக்கு ஓடிவிடுகிறான். நந்தன் தீயில் இறங்கித்தான் உள்ளே போகமுடிந்தது. கிந்தன் படித்து, கல்வி அதிகாரியாகத் திரும்பி வருகிறான். தீ எதற்கு?

சுசீந்திரத்தில் உட்கார்ந்து இதைக் கேட்கிறவனுக்குக் கூடுதலாக ஒரு வலி உண்டு. இங்கே கோவிலைச் சுற்றியிருக்கிற தெருக்களில் நடக்கிற உரிமைக்காகவே 1926-ல் சத்தியாகிரகம் நடந்தது. டாக்டர் எம்.இ. நாயுடு முன்னின்றார். கோவிலுக்குள் போவதற்காகக்கூட இல்லை, தெருவில் நடப்பதற்கு! அப்போது கிருஷ்ணனுக்கு 17 வயது, நாடகக் கம்பெனியில் சேர்ந்த சமயம். 1936 நவம்பர் 12-ல் திருவிதாங்கூர் ஆலயப் பிரவேச அறிவிப்பு வந்தது. 'சதி லீலாவதி' வந்த அதே வருஷம். கதவு திறந்தது. 13 வருஷம் கழித்துக் கிந்தனார் கேட்பது அடுத்த கதவை. கோவில் கதவு சரி, பள்ளிக்கூடக் கதவு எங்கே?

இதை அவர் வசனமாகப் பேசியிருந்தால் இன்னொரு சொற்பொழிவு. மெட்டு பழசு, சொல் புதுசு என்பதால் காது இரண்டு கதையையும் ஒரே நேரத்தில் கேட்கிறது. சிரிக்கிற அதே வினாடியில் 'அப்போ நந்தனுக்கு நடந்தது என்ன?' என்று தைக்கிறது. முன்னால் ஒன்று பின்னால் ஒன்று இல்லை. இந்தத் தைரியம் அவருக்கு எங்கிருந்து வந்தது என்றால், அரசியல் மேடையிலிருந்து மட்டும் என்று நான் சொல்லமாட்டேன். பிராமணன் ஒருவன் சக்கிலியப் பெண்கள் இருவரைக் கல்யாணம் பண்ணின முத்துப்பட்டன் கதையை, விடிய விடிய வில்லில் பாடிக் கேட்ட மண் இது. சாதியைப் பற்றிப் பாட்டாகச் சொல்லலாம், ஜனங்கள் உட்கார்ந்து கேட்பார்கள் என்பது இங்கே பழைய விஷயம். வில்லை அவர் விட்டதும் கிடையாது. காந்தி கதையை வில்லுப்பாட்டாக மேடைகளில் பாடினார். அதை எழுதத் திருநெல்வேலிப் பக்கத்து இளைஞர் சுப்பு ஆறுமுகத்தைச் சென்னைக்குக் கூட்டிப்போனவர் அவர்தான். சுப்பு ஆறுமுகம் 2022 வரை வாழ்ந்து, வில்லை அமெரிக்காவரைக்கும் கொண்டுபோனார்.

கவனியுங்கள், கிந்தனாரும் ஒரு செருகல்தான். படத்தின் கதையிலிருந்து விலகி நிற்கிற தனித் துண்டு. 'நல்லதம்பி'யின் மற்ற வசனங்களை மறந்தவர்களுக்கும் கிந்தனார் ஞாபகம் இருக்கு.

கடைசி வருஷங்களில் இரண்டு பாட்டுகளை ஒப்பிட்டால் நான் சொல்கிற வித்தியாசம் இன்னும் தெளிவாகும். 'ராஜா ராணி' (1956) படத்தில் சிரிப்பைப் பற்றியே ஒரு பாட்டு. இன்ன சிரிப்பு இப்படி, அந்தச் சிரிப்பு அப்படி என்று வகை பிரித்துச் சிரித்துக் காட்டுகிறார். தொழில் சுத்தம், குரலில் எத்தனை கதவு! ஆனாலும் அது வகுப்பு. வாத்தியார் பாடம் எடுக்கிறார். அதற்கு முந்தின வருஷம் 'முதல் தேதி'யில் மாதச் சம்பளக்காரன் பாட்டு. முதல் தேதிக்குப் பிறகு 20 நாள் கொண்டாட்டம், மிச்ச நாள் திண்டாட்டம். காலண்டரைத் தவிர வேறு தத்துவமே அதில் கிடையாது. பாடுகிறவனும் அந்தச் சம்பளத்தில் மாட்டிக்கொண்டவன். இன்றைக்கும் மாசக் கடைசியில் இ.எம்.ஐ. போன பிறகு வங்கிக் கணக்கைப் பார்க்கிறவனுக்கு அது புரியும், யாரும் விளக்கவேண்டாம். எனக்கு இரண்டாவதுதான் பெரிய பாட்டு. மேடைகளில் ஒலிபரப்புகிறது முதலாவது.

இது பழைய சங்கதி இல்லையா என்று கேட்கலாம். இல்லை. அவருக்குப் பின்னால் வந்த தமிழ் நகைச்சுவையில் 'கருத்து' என்று ஒரு தனிச் சரக்கு உண்டு. கொஞ்சம் சிரிப்பு, அப்புறம் கேமராவைப் பார்த்து நாலு வரி. விவேக்கைச் 'சின்னக் கலைவாணர்' என்று கொண்டாடினதும் அந்த நாலு வரிக்காகத்தான். விவேக்கிடம் வேகமும் குறும்பும் ஏராளம். அந்தக் கருத்து வரிகளைத் தாண்டியும் அவர் நல்ல நடிகர், ஆனால் பட்டம் அவரைக் கருத்துப் பக்கமே தள்ளிக்கொண்டு போனது. வாரிசுக்கு நாம் கொடுத்தது கலைவாணரின் மேடைப் பேச்சை. மீன்பிடிக்கிறவனையும், மதுரத்தின் 'இல்லை'யையும், நந்தன் மெட்டில் ஓடின ரயிலையும் யாருக்கும் கொடுக்கவில்லை.

1956 நவம்பர் 1-ல் ஒழுகினசேரியும் சுசீந்திரமும் தமிழ்நாட்டோடு சேர்ந்தன. அடுத்த பத்தாவது மாசம், 1957 ஆகஸ்ட் 30-ல், 49 வயது நிறைவதற்குள் கலைவாணர் போய்விட்டார். அவர் மறைந்த பிறகு அக்டோபரில் சிவாஜியின் 'அம்பிகாபதி' வந்தது. 20 வருஷம் முன்னால் பாகவதர் நடித்த 'அம்பிகாபதி'யிலும் இவர் உண்டு, மதுரம் உண்டு; இதிலும் இரண்டு பேரும் உண்டு. ஒரே கதை, இரண்டு கதாநாயகர்கள், விலகிப் போகிற இடத்தில் அதே ஜோடி. அந்த இரண்டு படங்களின் நகைச்சுவைப் பகுதிகளை மட்டும் எடுத்துக்கொண்டு, மதுரத்தின் பக்கம் நின்று, அடுத்த குறிப்பை எழுதுகிறேன்.